வைஃபை ஐயனார்

துபாயில் இருந்த ஆறு பிள்ளைகளுக்கு முன்னால், பின்னக் கணக்கின் நடுவில், ஜெகதாம்பாள் வாயைத் திறந்தபடி உறைந்து போனாள்.

உறைந்தது திரையில் இருந்த அவள் முகம்தான். புதுப்பட்டினம் வீட்டுக் கூடத்தில் அவள் நன்றாகவே இருந்தாள். "கீழ இருக்கற எண்ணு ரெண்டுலயும் ஒண்ணா இருந்தாத்தான் கூட்ட முடியும், புரியுதா?" என்று கேட்டவள், ஆறு பேரில் ஒருவரும் அசையாததைக் கண்டு, மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு லேப்டாப்பின் தலையில் இரண்டு தட்டுத் தட்டினாள்.

"என்னங்க! மறுபடியும் நெட்டு போச்சு!"

அப்போதுதான் அலுவலகத்திலிருந்து வந்திருந்த செல்வராஜ், ஒரு காலில் ஷூவும் மறு காலில் வெறும் சாக்ஸுமாக ஓடிவந்தார்.

"மாசம் தவறாம பில் கட்டறேன். வேகம் நூறுன்னு சொல்லித்தானே இணைப்பு குடுத்தான்? அந்த நூறும் எங்கே போகுது?"

"என்னைக் கேட்டா? நானா எடுத்துக் குடிச்சேன்?"

பள்ளிக்கூட வேலையை விட்ட பிறகு ஜெகதாம்பாள் ஆன்லைனில் கணக்கு சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். துபாய்ப் பெற்றோர்கள் பொறுமைசாலிகள் அல்ல. டீச்சர் அடிக்கடி சிலையாகிவிடுகிறார் என்று ஏற்கெனவே இரண்டு பேர் குறைப்பட்டிருந்தார்கள்.

செல்வராஜ் இணைப்புக் கம்பெனிக்குப் போன் போட்டார். பாட்டு, விளம்பரம், மறுபடியும் பாட்டு எல்லாம் முடிந்து ஒரு பெண் பேசினாள்.

"சார், உங்க லைன்ல ஒரு பிரச்சினையும் இல்லை. உங்க வீட்டுல நிறைய பேர் யூஸ் பண்றாங்க, அதான் ஸ்லோவா இருக்கு."

"எங்க வீட்டுல இருக்கறதே ரெண்டு பேர்தாம்மா!"

"அப்போ வெளியாள் யாராவது கனெக்ட் ஆகியிருப்பாங்க சார்."

வெளியாள் என்ற அந்த ஒரு சொல்லைக் கேட்டதும் செல்வராஜ் எழுந்து போய் வாசல் கதவைத் தாழிட்டார்.

அவர் ஒரு பெரிய அலுவலகத்தில் கேட் பாஸ் பிரிவின் கண்காணிப்பாளர். அடையாள அட்டையை மறந்துவிட்டு வந்த தன் சொந்த மேலதிகாரியை வாசலில் வெயிலில் நிறுத்தி, அவர் வீட்டிலிருந்து அட்டை வந்த பிறகே உள்ளே விட்டவர். மேலதிகாரி எல்லார் முன்னாலும் அவரைப் பாராட்டினார். அன்றிலிருந்து அவரோடு பேசுவதில்லை. அப்படிப்பட்ட செல்வராஜின் வீட்டுக்குள், பாஸ் இல்லாமல், பேர் சொல்லாமல், ஒருவன் நுழைந்து உட்கார்ந்திருக்கிறான் என்றால்?

அலுவலகத்தில் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்ளும் நிதினுக்குப் போன் பறந்தது.

"சார், டென்ஷன் ஆகாதீங்க. வீட்டு வைஃபையை ஆடிட் பண்றதுக்குன்னே டூல்ஸ் இருக்கு. யார் யார் உள்ள இருக்காங்க, பாஸ்வேர்டு தாங்குமா, எங்க ஓட்டை இருக்குன்னு எல்லாத்தையும் காட்டிடும். சனிக்கிழமை லேப்டாப்போட வரேன்."

"சனிக்கிழமை வரைக்கும் திருடன் உள்ளயே இருக்கணுமா?"

"சார், அது திருடனாத்தான் இருக்கணும்னு இல்லை…"

"பாஸ் இல்லாம உள்ள வந்தவன் யாரா இருந்தாலும் திருடன்தான்ப்பா. நீ வர வேண்டாம், நானே பார்த்துக்கறேன்" என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தார். ஆடிட் என்றால் அவருக்குத் தெரியாதா? நிதினுக்கு மீசை முளைக்கும் முன்பே ஆடிட்டுக்குப் பதில் எழுதியவர் அவர். போனிலேயே தேடினார். கிடைத்தவற்றில் இலவசமாகவும் தமிழிலும் இருந்தது ஒன்றுதான். பெயர், வைஃபை ஐயனார்.

படத்திலேயே ஒரு கம்பீரம் இருந்தது. உருட்டு விழி, முறுக்கு மீசை, கையில் அரிவாள், கீழே வெள்ளைக் குதிரை. திறந்ததும் அது பெயர், ஊர், உத்தியோகம் எல்லாம் கேட்டது. செல்வராஜ் பாஸில் எழுதுவது போலவே ஒன்று விடாமல் நிரப்பினார். பிறகு அது வரிசையாகக் கேட்ட அனுமதிகளுக்கெல்லாம் 'சம்மதம்', 'சம்மதம்' என்று அழுத்திக்கொண்டே போனார். காவலுக்கு வருகிற சாமியிடம் போய்க் குறுக்குக் கேள்வி கேட்பார்களா?

திரையில் குதிரை வீட்டைச் சுற்றி ஓடியது. போன் உரத்த குரலில் முழங்கியது.

"ஆபத்து! உமது கோட்டையில் அந்நியர்! பாதுகாப்பு மதிப்பெண், நூற்றுக்குப் பதினொன்று!"

"பதினொண்ணா?" செல்வராஜின் முகம் சிவந்தது. "படிக்கற காலத்துல நான் எதுலயும் முப்பத்தஞ்சுக்குக் கீழ வாங்கினதில்லை!"

"ஒன்பதாங்கிளாஸ் கணக்குல வாங்கியிருக்கீங்க. உங்க அம்மாவே சொல்லியிருக்காங்க" என்றாள் ஜெகதாம்பாள்.

அவர் அதைக் காதில் வாங்கவில்லை. ஐயனார் ஒரு பட்டியல் நீட்டியிருந்தார். அவர் போன், அவள் போன், லேப்டாப், டிவி. அதற்குக் கீழே, கூசாமல், வெட்கப்படாமல், ஆங்கிலத்தில் ஒரு பெயர் நின்றது: கண்ணாயிரம் ஒப்போ.

கண்ணாயிரம் பக்கத்து வீடு. மதுராந்தகம் பக்கம் இருக்கும் நிலத்தை அண்ணனிடம் விட்டுவிட்டு, இங்கே டூரிஸ்ட் வேன் வாங்கி மாமல்லபுரத்துக்கும் முட்டுக்காட்டுக்கும் ஆள் ஏற்றிக்கொண்டிருந்தார். அவர் மனைவி அம்சா நெத்திலிக் குழம்பு வைத்தால் ஒரு கிண்ணம் காம்பவுண்டுச் சுவரைத் தாண்டி வந்துவிடும். அந்தக் குழம்பையெல்லாம் செல்வராஜ் இப்போது வேறு கண்ணோடு நினைத்துப் பார்த்தார்.

கண்ணாயிரம் வாசலில் ஓஸ் குழாயைப் பிடித்து வேன் கழுவிக்கொண்டிருந்தார்.

"கண்ணாயிரம், உங்க போன் எங்க வீட்டு நெட்டுல என்ன பண்ணுது?"

"இன்னா சார் புச்சா கேக்கற? புயல் அன்னிக்கு என் நெட்டு புட்டுக்கிச்சுன்னு நீதான என் போனை வாங்கி பாஸ்வேர்டு போட்டுக் குட்த்த? அவசரத்துக்கு வெச்சுக்கோன்னு சொன்னியே."

"அது புயலுக்குக் குடுத்தது. புயல்தான் கரையைக் கடந்துடுச்சே!"

"நான் எங்க சார் அத்தத் தொட்டேன்? வாசலாண்ட வந்தா போனு தானா புடிச்சுக்குது. நான் இன்னா பண்ண?"

"தானா பிடிச்சுக்குதா? நாளைக்கு என் சட்டைப் பையில உங்க கை தானா நுழைஞ்சாலும் இதையேதான் சொல்வீங்களா?"

கண்ணாயிரம் குழாயைக் கீழே போட்டார். தண்ணீர் செல்வராஜின் செருப்பை நனைத்துக்கொண்டு ஓடியது.

"இத்தினி வர்ஷம் பழகி, பையில கை வுடறவன்னு ஒரு வார்த்தை சொல்லிட்ட சார்." போனை எடுத்து, செல்வராஜின் கண் முன்னாலேயே வைஃபையை அணைத்தார். "இந்தா, ஆஃப் பண்ட்டேன். ஒன் நெட்டை நீயே வெச்சுக்கோ. நல்லா கொழம்பு வெச்சுத் துன்னு."

அன்று முதல் சுவரைத் தாண்டி நெத்திலி வரவில்லை. ஆனால் செல்வராஜுக்கு அதைப் பற்றி வருந்த நேரமில்லை. பாஸ்வேர்டை மாற்ற வேண்டியிருந்தது. வேலையில் சேர்ந்த வருஷத்தையும் கேட் பாஸ் என்ற சொல்லையும் சேர்த்து ஒன்று உருவாக்கினார்.

"புதிய மறைச்சொல்லை எம்மிடம் கூறும்! அதன் வலிமையை உரைப்போம்!" என்றார் ஐயனார்.

செல்வராஜ் பயபக்தியோடு தட்டினார். ஐயனார் மீசையை முறுக்கினார். மதிப்பெண் நாற்பதுக்கு ஏறியது.

"பார்த்தியா? ஒரே நாள்ல பாஸ் மார்க்!"

ஜெகதாம்பாள் மறுநாள் பெருக்கல் வாய்ப்பாட்டின் நடுவில் உறைந்தாள்.

செல்வராஜ் பட்டியலைத் திறந்தார். கண்ணாயிரம் இல்லை. ஆனால் முன்பு இல்லாத நாலைந்து பேர் புதிதாக இருந்தார்கள். ஒருவர் பெயர் 'மணி ஆட்டோ'.

"யாருடி இந்த மணி ஆட்டோ?"

"நமக்குத் தெரிஞ்ச மணி, பால்காரர் ஒருத்தர்தான்."

"பால்காரருக்கு எதுக்கு ஆட்டோ?"

"எனக்கு எப்படித் தெரியும்? நான் கிளாஸை முடிக்கவா வேண்டாமா?"

ஐயனாரிடம் 'விரட்டு' என்று ஒரு சிவப்புப் பொத்தான் இருந்தது. செல்வராஜ் மணி ஆட்டோவை விரட்டினார். கை பழகிய வேகத்தில், எண்ணும் எழுத்துமாகப் பேர் தெரியாமல் இருந்த இன்னொன்றையும் விரட்டினார். கூடத்தில் ஓர் அலறல் கேட்டது. அது ஜெகதாம்பாளின் டேப்லெட். லேப்டாப்பை நம்ப முடியாமல், அலமாரியில் கிடந்த அதை எடுத்துத்தான் வகுப்பைத் தொடர்ந்துகொண்டிருந்தாள். துபாயில் ஒரு தாய் உடனே எழுதி அனுப்பினார்: 'டீச்சர், என் மகள் அடுத்த மாதத்திலிருந்து வர மாட்டாள்.'

செல்வராஜுக்கு ஆத்திரம் பொங்கியது. தன் மேல் அல்ல, அந்த முகம் தெரியாத கும்பலின் மேல். தெருமுனைப் புங்கமரத்து நிழலில் சாப்பாடு கொண்டுபோகிற பையன்கள் சிலர் பைக்கை நிறுத்திப் போனில் மூழ்கியிருந்ததை வரும்போது பார்த்திருந்தார். இவர்கள்தானா? போகிறவர் வருகிறவர் எல்லாரும் இவர்களா? ஒருவனையும் கையும் களவுமாகப் பிடிக்க முடியாது. ஆனால் ஒன்று செய்யலாம். உள்ளே வருகிறவன் பாஸ்வேர்டை அடித்துத்தானே வர வேண்டும்? அதை அடிக்கும்போதே அவன் கூச வேண்டும்.

அடுத்த பாஸ்வேர்டு, ஆங்கில எழுத்தில், 'வெக்கமில்லையா' என்று அமைந்தது.

ஐயனார் பூரித்துப் போனார். "அருமை! இச்சொல்லை எவரும் ஊகிக்க இயலாது! மதிப்பெண் அறுபது!"

பட்டியல் இன்னும் நீண்டது. செல்வராஜும் விடவில்லை. தினம் ஒரு பாஸ்வேர்டு. ஒவ்வொன்றையும் ஐயனாரிடம் ஒப்பித்து மதிப்பெண் வாங்கினார். வசை ஏற ஏற மதிப்பெண்ணும் ஏறியது. 'வீட்டில் சோறு இல்லையா' அறுபத்தெட்டு. 'மானங்கெட்டவனே' எழுபத்தைந்து.

சங்கடமெல்லாம் ஜெகதாம்பாளுக்குத்தான்.

"உலகத்துல யாராவது கிளாஸ் எடுக்கறதுக்கு முன்னாடி இதையெல்லாம் டைப் அடிப்பாங்களா?" என்று கேட்டுக்கொண்டே அன்று சாயங்காலம் லேப்டாப்பைத் திறந்தாள். அதற்குள் பிள்ளைகள் காத்திருக்கக் கூடாதென்று, போனில் சொந்த டேட்டாவைப் போட்டு வகுப்பைத் தொடங்கியிருந்தாள். துபாய்ப் பிள்ளைகள் எதிரே வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். மைக் திறந்தே இருந்தது.

"என்னங்க, இன்னிக்கு என்ன பாஸ்வேர்டு?"

செல்வராஜ் சமையலறையில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார். அங்கிருந்தே அடித்தொண்டையில் கத்தினார்.

"மானங்கெட்டவனே!"

"என்ன?"

"மானங்கெட்டவனேன்னு சொல்றேன்! நடுவுல இடைவெளி கிடையாது! எல்லாம் சின்ன எழுத்து! இது கூடவா தெரியாது?"

துபாயில் எல்லாத் தலைகளும் நிமிர்ந்தன. அந்த நேரம் பார்த்து ஜெகதாம்பாள் கேட்ட கணக்குக்குத் தப்பாக விடை சொல்லியிருந்த பையனின் கீழுதடு நடுங்கத் தொடங்கியது. பின்னாலிருந்து அவன் அப்பாவின் முகம் திரைக்குள் வந்தது.

"மேடம், என் பையன் கணக்குல வீக்குதான். அதுக்காக வீட்டுல இருக்கறவங்களை விட்டுத் திட்டுவீங்களா?"

"ஐயோ சார், அது உங்க பையனை இல்லை. எங்க வைஃபையை!"

அந்த மனிதர் அதை நம்பவில்லை. நம்பும்படியாகவும் அது இல்லை. பையன் மறைந்தான், அவனோடு அவன் சித்தி பெண்ணும் மறைந்தாள்.

"என் மேல தப்பே இல்லை" என்றார் செல்வராஜ், ராத்திரிச் சாப்பாட்டின்போது. "திருடறவனை விட்டுட்டு, பூட்டுப் போடறவனைக் கோச்சுக்கறது என்ன நியாயம்?"

ஜெகதாம்பாள் ரசத்தை ஊற்றினாள். தட்டு நிரம்பிய பிறகும் ஊற்றினாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் செல்வராஜ் மார்க்கெட்டுக்குப் போனார். கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது பக்கத்தில் ஒரு பைக் வந்து நின்றது. முதுகில் சாப்பாட்டுப் பை மாட்டிய இளைஞன் ஹெல்மெட்டைக் கழற்றி, பல்லெல்லாம் தெரியச் சிரித்தான்.

"வணக்கம் சார். வூட்ல சோறு இல்லியா?"

செல்வராஜின் கையிலிருந்த கத்தரிக்காய் நழுவியது. பின்னால் உட்கார்ந்திருந்தவன், "டேய், முந்தாநேத்து மேட்டரைச் சொல்றியே. 'மானங்கெட்டவனே'தான்டா செம!" என்றான். இருவரும் அவரைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

கத்தரிக்காய்க்காரம்மா திகைத்து, "இன்னா சார், ரோட்ல போறவன்லாம் உன்னை இப்டித் திட்டிக்கினு போறான்?" என்றாள்.

செல்வராஜ் பையை அங்கேயே வைத்துவிட்டு வீட்டுக்கு வேகவேகமாக நடந்தார். அவர் வீட்டுக்குள் உருவாக்கிய சொல், எவனோ ஒருவன் வாயில்! காரணம் ஒன்றுதான் இருக்க முடியும். அந்த வைஃபை பெட்டியின் அலை சுவரைத் தாண்டித் தெருவுக்குப் போகிறது. தெருவில் நிற்கிறவன் அதை ஏதோ செய்து பாஸ்வேர்டைக் கறந்துவிடுகிறான்.

அலையை அடக்க வேண்டும். செல்வராஜ் பெட்டியை அலுமினியத் தாளால் சுற்றி, இட்லிப் பானைக்குள் இறக்கி, மூடியைப் போட்டு மூடினார். ஒயர் போக மட்டும் வாசல் பக்கம் ஒரு சந்து விட்டார்.

"இட்லிக்கு நான் எதுல மாவு ஊத்தறது?" என்று கேட்டாள் ஜெகதாம்பாள்.

"நாட்டுக்கே ஆபத்துன்னு நிக்கும்போது இட்லியைப் பத்திப் பேசறியே."

இட்லிப் பானை தன் வேலையைச் செய்தது. கூடத்தில் துளி நெட் இல்லை. புங்கமரத்தடிக்கும் இல்லை. சந்து வழியாகக் கசிந்தது வாசல் சுவர் வரைதான் எட்டியது. மரத்தடியில் நின்றவர்கள் போனைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துப் பார்த்தார்கள். ஓரடி ஓரடியாக முன்னால் வந்தார்கள். மதியத்துக்குள் செல்வராஜின் காம்பவுண்டுச் சுவரில் சாய்ந்து நின்றார்கள். மாலைக்குள் சுவரின் மேலேயே உட்கார்ந்துவிட்டார்கள். மாமல்லபுரம் பார்க்க வந்த குடும்பம் ஒன்று காரை நிறுத்திக் குழந்தைகளை இறக்கியது. ஒருவர் சுண்டல் கூடையோடு வந்து வியாபாரத்தைத் தொடங்கினார்.

செல்வராஜ் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வெளியே பாய்ந்தார்.

"என்னய்யா நினைச்சுக்கிட்டிருக்கீங்க? இது என்ன சத்திரமா?"

சுவரில் இருந்தவர்கள் மளமளவென்று இறங்கினார்கள். ஓடவில்லை. எழுந்து நின்று வணக்கம் சொன்னார்கள். ஓர் ஆட்டோக்காரர் பிளாஸ்கிலிருந்து டீ ஊற்றி அவரிடமே நீட்டினார்.

"சூடா குடி சார். நீ நல்லா இருக்கணும். ஒன் புள்ளக்குட்டி நல்லா இருக்கணும்."

திருடன் திட்டினால் திருப்பித் திட்டலாம். கத்தியைக் காட்டினால் ஓடலாம். வாழ்த்தினால் என்ன செய்வது? செல்வராஜ் டீயை வாங்காமல் உள்ளே வந்து கதவைச் சாத்தினார். இத்தனை வருஷ சர்வீஸில் இப்படி ஓர் அவமானத்தை அவர் பட்டதில்லை. நக்கல்! பட்டப்பகலில், அவர் வீட்டு வாசலிலேயே நக்கல்!

ஜெகதாம்பாள் புத்தகங்களையும் லேப்டாப்பையும் துணிப்பையில் வைத்துக்கொண்டிருந்தாள்.

"எங்கே கிளம்பிட்டே?"

"அம்சா வீட்டுக்கு. மிச்சம் இருக்கற மூணு பிள்ளைங்களையாவது நான் காப்பாத்தணும். இனிமே கிளாஸ் அங்கேதான்."

"கண்ணாயிரத்தோட நெட்டுலயா? நான் அவரை என்ன பேசினேன்னு உனக்குத் தெரியும்ல?"

"தெரியும். அவரும் சொன்னார். 'சார் பேசுனது பேசுனதுதான் அண்ணி, அதுக்கு நீ இன்னா பண்ணுவே, வா'ன்னார். பாஸ்வேர்டு கேட்டேன். 'நம்ம வீடு'ன்னு சொன்னார். எனக்கு அழுகையே வந்துடுச்சு."

வாசலில் இருந்த கூட்டம் விலகி ஜெகதாம்பாளுக்கு வழி விட்டது.

செல்வராஜ் மறுபடி ஐயனாரைத் திறந்தார். குதிரை ஓடியது. "வாழ்க! மதிப்பெண் தொண்ணூற்றெட்டு! உமது கோட்டை அசைக்க முடியாதது!" என்று ஐயனார் முழங்கினார். கோட்டைக்குள் அவரைத் தவிர யாரும் இல்லை. நெட்டுக்குள் அவரைத் தவிர எல்லாரும் இருந்தார்கள்.

மறுநாள் அவர் அலுவலகத்துக்கு விடுப்புச் சொல்லிவிட்டு நேராகக் காவல் நிலையத்துக்குப் போனார். எழுத்தர் தலையைத் தூக்காமலே கேட்டார்.

"இன்னா சார் திருடு போச்சு?"

"நெட்டு."

"நெட்டா? எத்தினி பாகம் நீளம்? கரையில காயப் போட்டிருந்ததா, படகுல இருந்ததா? மீனவர் சங்கத்துல சொன்னீங்களா?"

"மீன் வலை இல்லைய்யா! இன்டர்நெட்! என் வீட்டு இன்டர்நெட்டை ஊரே திருடுது!"

எழுத்தர் இப்போது தலையைத் தூக்கினார். அடையாள அட்டையைக் காட்டி, கேட் பாஸ் பிரிவு கண்காணிப்பாளர் என்று சொல்லி, பாதுகாப்பு என்பதன் பொருளைப் பற்றி செல்வராஜ் ஒரு சிறு சொற்பொழிவே நிகழ்த்தினார். அதை நிறுத்த வேறு வழி தெரியாமல், மாலையில் ஆள் அனுப்புவதாக ஒப்புக்கொண்டார்கள்.

வீட்டுக்கு வந்ததும் செல்வராஜ் இட்லிப் பானையைத் திறந்தார். இந்தத் தடவை வசை வேண்டாம். நடுங்க வைக்க வேண்டும். 'இன்று மாலை போலீஸ் வரும்' என்று பாஸ்வேர்டை மாற்றினார். ஐயனாரிடமும் ஒரு முறை தட்டிக் காட்டினார். நூற்றுக்கு நூறு.

முழு மதிப்பெண்! பெருமிதமாக இருந்தது. பெருமிதத்தைப் பகிர்ந்துகொள்ளத்தான் வீட்டில் ஆள் இல்லை. பக்கத்து வீட்டிலிருந்து ஜெகதாம்பாள் தடங்கலே இல்லாமல் பின்னம் நடத்தும் குரல் கேட்டது. நெத்திலி வறுபடும் வாசனையும் வந்தது. எல்லாவற்றுக்கும் அந்தத் திருட்டுக் கும்பல்தான் காரணம். வரட்டும். இன்றோடு முடிந்தது.

மாலையில் காவலர் வரலட்சுமி ஸ்கூட்டியில் வந்து இறங்கினார். செல்வராஜ் தெருமுனைக்கே போய் எதிர்கொண்டு அழைத்துவந்தார்.

"மேடம், சத்தம் போடாம வாங்க. கையும் களவுமா பிடிக்கணும். உங்களைப் பார்த்ததும் ஓடிடுவாங்க."

யாரும் ஓடவில்லை. செல்வராஜின் வாசலில் முன் எப்போதையும்விடப் பெரிய கூட்டம் இருந்தது. பைக்குகள் ஒழுங்காக ஒரு பக்கம் வரிசை கட்டி நின்றன. தெரு பெருக்கித் தண்ணீர் தெளித்திருந்தது. நடுவில் இரண்டு பிளாஸ்டிக் நாற்காலிகள். தன் வீட்டு கேட்டில் கையைக் கட்டிக்கொண்டு கண்ணாயிரம் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால் அம்சாவும் ஜெகதாம்பாளும்.

செல்வராஜ் தெருவில் தென்பட்டதும் கூட்டம் கைதட்டியது.

மார்க்கெட்டில் 'சோறு இல்லியா' என்று கேட்ட அதே இளைஞன் ஓடிவந்தான். கையில் சரிகை போட்ட ஒரு சால்வை. செல்வராஜ் சுதாரிப்பதற்குள் அதை அவர் தோளில் போர்த்திவிட்டான்.

"டேய்! எடுடா கையை! மேடம், பாருங்க மேடம், உங்க முன்னாடியே நக்கல் பண்றான்!"

"நக்கல் இல்ல சார். எல்லாரும் சேந்து வாங்குனது" என்றான் அவன். பிறகு வரலட்சுமியைப் பார்த்து, "வாங்க மேடம், குந்துங்க. உங்களுக்கும் சேர் போட்டுகீறோம்" என்றான்.

வரலட்சுமி நாற்காலியையும் சால்வையையும் மாறி மாறிப் பார்த்தார்.

"சார், நானும் எத்தனையோ திருட்டு கேஸ் பார்த்துட்டேன். திருட வந்தவன் யாரும் சால்வை எடுத்துட்டு வந்து பார்த்ததில்லை." இளைஞன் பக்கம் திரும்பினார். "உன் பேர் என்ன?"

"ஜோஷ்வா, மேடம்."

"நான் வர்றேன்னு உங்களுக்கு யார் சொன்னது?"

"இன்னிக்கு பாஸ்வேர்டே அதான மேடம்? 'இன்று மாலை போலீஸ் வரும்'. அதான் தெருவெல்லாம் பெருக்கி வுட்டோம்."

"கேட்டீங்களா மேடம்!" செல்வராஜ் சால்வையோடு துள்ளினார். "அவன் வாயாலயே ஒத்துக்கிட்டான்! நான் தனியா, கதவைச் சாத்திக்கிட்டு மாத்தின பாஸ்வேர்டு! என் பொண்டாட்டிக்குக் கூடச் சொல்லலை! பிடிங்க இவனை! எப்படித் திருடினான்னு கேளுங்க!"

வரலட்சுமியின் குரல் கடுத்தது. "சொல்லுடா. சார் வீட்டு பாஸ்வேர்டைத் திருடி உனக்குக் குடுத்தது யாரு?"

ஜோஷ்வா தன் போனை எடுத்து அவரிடம் நீட்டினான். திரையில் வெள்ளைக் குதிரையும் முறுக்கு மீசையும் தெரிந்தன.

"திருட்டா? இன்னா மேடம் நீங்க! பாஸ்வேர்டை மாத்துன கையோட சாரே அத்த சுடச்சுட இந்த ஆப்புல அடிச்சு வுடறாரு, ஃப்ரீ வைஃபை தேடற எங்க எல்லார் போனுக்கும் அது வந்துடுது. இந்தா, நீங்களே படிங்க, 'செங்கல்பட்டு மாவட்டத்தின் முதல் வள்ளல்: செல்வராஜ், கேட் பாஸ் பிரிவு, புதுப்பட்டினம்'!"